ஆயி மண்டபத்தின் முன்னால் அப்பா

என் போனில் ஒரு படம் இருக்கிறது. போன வைகாசியில் புதுச்சேரி பாரதி பூங்காவில் எடுத்தது. அப்பா முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறார். வெள்ளை அரைக்கைச் சட்டை, தழையக் கட்டிய வேட்டி, தோளில் துண்டு. இரண்டு கைகளையும் இடுப்பில் ஊன்றிக்கொண்டு, உடம்பு மொத்தத்தையும் பின்னால் சாய்த்து மேலே பார்க்கிறார். அவருக்குக் கழுத்தை மட்டும் தனியாக நிமிர்த்த வராது. முதுகு விறைத்துப்போய்ப் பத்து வருடத்துக்கு மேல் ஆகிறது. எதையாவது அண்ணாந்து பார்க்க வேண்டுமென்றால் ஆளே சாய வேண்டும். எதிரே வெள்ளை வெளேரென்று ஆயி மண்டபம்.

இந்தப் படத்தைப் பற்றி எழுத வேண்டும் என்று அப்போதிருந்தே மனதில் ஓடிக்கொண்டிருக்கிறது. பள்ளி, பேப்பர் திருத்துவது, வீடு என்று நாள் போய்விட்டது. இப்போது அரையாண்டு விடுமுறை. உட்கார்ந்துவிட்டேன்.

தங்கச்சியைப் புதுச்சேரியில் கட்டிக்கொடுத்து ஏழு வருடம் ஆகிறது. முத்தியால்பேட்டையில் வீடு. முதல் பிரசவம் எங்கள் வீட்டில் பார்த்தோம். இரண்டாவது அங்கேயே என்று முடிவாகிவிட்டது. அம்மா பத்து நாள் முன்பே போய்விட்டாள். குழந்தை பிறந்த செய்தி வந்ததும் அப்பாவும் நானும் கிளம்பினோம். விடிகாலை தருமபுரியில் பஸ் ஏறி அரூர், திருவண்ணாமலை, செஞ்சி, திண்டிவனம் என்று மாறி மாறிப் போக வேண்டும். இருநூறு கிலோமீட்டருக்கு மேல். அம்மா சொல்லிவிட்டிருந்தபடி ராகி மாவு ஐந்து கிலோ, நெல்லிக்காய், கறிவேப்பிலைப் பொடி எல்லாம் பையில் இருந்தது. அப்பா தன் பங்குக்கு இரண்டு ஐந்து லிட்டர் கேன் நிறையத் தண்ணீர் எடுத்துக்கொண்டார். ஒகேனக்கல் தண்ணீர்.

"அங்க தண்ணி இல்லாமையாப்பா இருக்கு?" என்றேன்.

"பிள்ள பெத்தவ. தெரிஞ்ச தண்ணியா இருக்கட்டும்."

அதற்கு மேல் நான் பேசவில்லை. தண்ணீர் விஷயத்தில் அப்பா சொன்னால் எங்கள் வீட்டில் யாரும் எதிர்த்துப் பேசுவதில்லை. ஏன் என்று பின்னால் சொல்கிறேன். திருவண்ணாமலையில் பஸ் மாறும்போது ஒரு கேனை நான் தூக்கினேன். கை இற்றுப்போனது.

பிரசவ வீட்டில் ஆண்பிள்ளைக்கு என்ன வேலை? இரண்டு அறை வீடு. பார்க்க வருகிற பெண்கள், பத்தியச் சமையல், குழந்தையின் அழுகை. அப்பா வாசல் திண்ணையில் காலை மடக்கவும் முடியாமல் நீட்டவும் முடியாமல் உட்கார்ந்திருந்தார். இரண்டாம் நாள் காலையில், "வாங்கப்பா, ஒரு நடை போயிட்டு வரலாம்" என்று கூட்டிக்கொண்டு கிளம்பினேன். அப்படித்தான் பாரதி பூங்காவுக்குப் போனோம். அப்புறம் அங்கே இருந்த ஒன்பது நாளும் அதுவே வழக்கமாகிவிட்டது.

பெரிய பூங்கா இல்லை. பெங்களூரு லால்பாகைப் பார்த்தவர்களுக்கு இது ஒரு வீட்டுத் தோட்டம் மாதிரி தெரியும். மெதுவாக நடக்கும் என் அப்பாவே சிறிது நேரத்தில் ஒரு சுற்று முடித்துவிடுவார். ஆனால் நட்ட நடு ஊரில் இருக்கிறது. வடக்கே துணைநிலை ஆளுநர் மாளிகை, ஒரு பக்கம் சட்டமன்றம், கூப்பிடு தூரத்தில் அருங்காட்சியகம், பெரியாஸ்பத்திரி. கிழக்கே சில நிமிடம் நடந்தால் கடல். இத்தனை அதிகாரமும் சுற்றி உட்கார்ந்திருக்க, நடுவில் பெரிய மரங்களின் நிழலில் ஜனங்கள் துண்டை விரித்துப் படுத்திருக்கிறார்கள். ஆஸ்பத்திரிக்கு வந்தவர்கள் சாப்பாட்டுத் தூக்கைப் பிரித்து வைத்துச் சாப்பிடுகிறார்கள். பிள்ளைகள் சறுக்குமரத்தில் கத்துகிறார்கள். போலீஸ்காரர் ஒருவர் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு கண்ணை மூடியிருந்தார். எனக்கு அந்த இடம் முதல் நாளே பிடித்துவிட்டது.

ஒரு காலத்தில் இந்த வட்டாரத்தில்தான் பிரெஞ்சுக்காரர்களின் லூயி கோட்டை இருந்தது. 1761இல் ஆங்கிலேயர்கள் புதுச்சேரியைப் பிடித்து, கோட்டையையும் ஊரையும் தரைமட்டமாக்கிவிட்டார்கள். பிறகு ஊரைத் திரும்பக் கட்டினார்கள், கோட்டையைக் கட்டவில்லை. பீரங்கி நின்ற மண்ணில் இன்று மரம் நிற்கிறது.

பூங்காவின் நடுவில்தான் ஆயி மண்டபம். நான்கு பக்கமும் வளைவு, தூண்கள், மேலே கிரேக்க ரோமானியக் கட்டடங்களைப் போன்ற அலங்காரம். மூன்றாம் நெப்போலியன் பிரான்சை ஆண்ட காலத்தில், அதாவது 1852க்கும் 1870க்கும் நடுவில் கட்டியது. முதல் நாள் பார்த்தபோது யாரோ கவர்னரின் நினைவாக இருக்கும் என்றுதான் நினைத்தேன். அப்பா கேட்டதற்கும் அப்படியே சொல்லிவிட்டேன். வீட்டுக்கு வந்து சாப்பிடும்போது பேச்சுவாக்கில் சொன்னதும், தங்கச்சியின் மாமியார் பரிமாறுவதை நிறுத்திவிட்டார்.

"கவர்னரா? யார் சொன்னா சம்பந்தி? அது தண்ணி குடுத்த பொம்பளைக்குக் கட்டின மண்டபம்."

அப்பா கையில் பிசைந்த சோற்றோடு நிமிர்ந்து உட்கார்ந்தார்.

சம்பந்தியம்மா சொன்ன கதை, புதுச்சேரியில் எல்லோருக்கும் தெரிந்த கதை. விஜயநகரத்து ராஜா கிருஷ்ணதேவராயர் இந்தப் பக்கம் வந்தாராம். சாயங்கால நேரம். தூரத்தில் விளக்கெல்லாம் ஏற்றி ஒரு கட்டடம் அழகாகத் தெரிந்தது. கோயில் என்று நினைத்து விழுந்து கும்பிட்டார். கூட இருந்தவர்கள், அது கோயில் இல்லை, ஆயி என்கிற தாசியின் வீடு என்று சொன்னார்கள். ராஜாவுக்குக் கோபம் வந்துவிட்டது. இடித்துத் தள்ளு என்று உத்தரவு போட்டார். ஆயி கெஞ்சினாள். நானே இடித்துவிடுகிறேன், அவகாசம் மட்டும் கொடுங்கள் என்று கேட்டாள். தன் வீட்டைத் தானே இடித்தாள். அந்த இடத்தில், கையிலிருந்த பணத்தைப் போட்டு ஒரு குளம் வெட்டினாள். அது முத்திரப்பாளையத்தில்.

பிறகு பல தலைமுறை கழித்துப் பிரெஞ்சுக்காரர்கள் காலத்தில், கடலோரத்து வெள்ளைக்காரத் தெருக்களில் குடிக்க நல்ல தண்ணீர் இல்லை. லமெரெஸ் என்ற என்ஜினியர் முத்திரப்பாளையத்திலிருந்து ஊருக்குத் தண்ணீர் கொண்டுவந்தார். நெப்போலியன் மன்னர் அந்த இடத்தின் கதையைக் கேட்டு, மண்டபத்துக்கு ஆயியின் பெயரையே வைக்கச் சொன்னார் என்பார்கள். ராயர் கதை செவிவழி வந்தது. தண்ணீர் வந்ததும் மண்டபம் கட்டியதும் வரலாறு. "இன்னைக்கும் அந்தப் பக்கத்துத் தண்ணி டவுனுக்கு வருது சம்பந்தி" என்று முடித்தார்.

அப்பா முதலில் கேட்ட கேள்வி எனக்கு இன்னும் ஞாபகம் இருக்கிறது.

"மோட்டார் இல்லாம எப்பிடி வந்துச்சு?"

கதையில் ராஜா, தாசி, கோபம், பிரெஞ்சு மன்னர் என்று இத்தனை இருந்தும் அவருக்குத் தண்ணீர் எப்படி ஓடியது என்பதுதான் முக்கியம். யாருக்கும் பதில் தெரியவில்லை. சாப்பிட்டு முடிக்கும்வரை யோசித்தார். கை கழுவும்போது அவரே சொன்னார்: "கடல் பள்ளம். அந்த ஊரு உள்ள தள்ளி மேட்டுல இருக்கும். வாட்டம் பாத்து விட்டிருப்பான். வாட்டம் இருந்தா மோட்டார் எதுக்கு?"

என் அப்பா பஞ்சாயத்தில் டேங்க் ஆபரேட்டராக இருந்தவர். முப்பத்தொரு வருடம்.

எங்கள் ஊர் பாப்பாரப்பட்டியைத் தாண்டி உள்ளே. ஊருக்கு வெளியே ஒரு மோட்டார் ரூம், ஐநூறு அடி போர், நான்கு காலில் நிற்கும் முப்பதாயிரம் லிட்டர் தொட்டி. மும்முனைக் கரண்ட் எப்போது வருகிறதோ அப்போதுதான் மோட்டார் ஓடும். நடுராத்திரி இரண்டு மணிக்கு வந்தால் அப்பா இரண்டு மணிக்கு எழுந்து டார்ச் லைட்டோடு போவார். தொட்டி நிறைந்ததும் விடிகாலையில் தெருத்தெருவாகத் தண்ணீர் விட வேண்டும். தெருவுக்கு அரை மணி நேரம். டி மாதிரி இருக்கும் நீளமான இரும்புச் சாவியைத் தோளில் சாய்த்துக்கொண்டு போய், குழிக்குள் இருக்கிற கேட் வால்வைத் திருப்புவார். மேட்டுத் தெருவுக்கு விடும்போது பள்ளத்துத் தெருவை அடைக்கவில்லை என்றால் மேட்டில் சொட்டுக்கூட ஏறாது. பள்ளத்துத் தெருவை ஐந்து நிமிடம் முன்னால் அடைத்தால் அங்கே சண்டை. எல்லோருடைய ஏச்சும் அப்பாவுக்குத்தான். மாதம் இரண்டு தரம் தொட்டிக்குள் இறங்கிப் பாசியைக் கழுவி, பிளீச்சிங் பவுடர் போடுவார். அன்றைக்கு அவர் சட்டையில் அடிக்கிற மருந்து வாசனைதான் எனக்குச் சின்ன வயதில் அப்பாவின் வாசனை.

அந்தத் தண்ணீரைக் குடித்துத்தான் நாங்கள் வளர்ந்தோம். தெளிவான தண்ணீர். கண்ணாடி டம்ளரில் ஊற்றினால் பளபளவென்று இருக்கும். அதில் இருந்த புளோரைடு கண்ணுக்கும் தெரியாது, நாக்குக்கும் தெரியாது.

எங்கள் மாவட்டத்துப் பாறையில் இருக்கிற சங்கதி அது. தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம் அடியில் முழுக்கக் கருங்கல். அந்தப் பாறையில் புளோரைட், அபடைட், காக்காப்பொன் போன்ற, புளோரைடு அடங்கிய கனிமங்கள் கலந்திருக்கின்றன. தண்ணீர் பாறை இடுக்கில் வருடக்கணக்கில் தங்கித் தங்கி அவற்றைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துக்கொள்கிறது. எங்கள் தாத்தா காலத்தில் மழைத்தண்ணீர் ஊறிய மேல்கிணறு இருந்தது. கிணறு வற்றி, போர் போட்டு, இருநூறு அடி முந்நூறாகி, முந்நூறு ஐநூறாகி, ஆழம் போகப் போக இந்தப் பழைய தண்ணீர்தான் மேலே வந்தது. ஒரு லிட்டர் தண்ணீரில் ஒரு மில்லிகிராம் புளோரைடு வரை இருக்கலாம், வேறு வழியே இல்லை என்றால் ஒன்றரை வரை பரவாயில்லை என்பது இந்தியத் தர அளவு. அதைத் தாண்டியதைப் பல வருடம் குடித்தால் முதலில் பல், பிறகு எலும்பு.

பல் விழுந்து முளைத்த பிறகு வருகிற கறை இல்லை அது. நிரந்தரப் பல் ஈறுக்குள்ளேயே உருவாகிற வயதில், பிறந்ததிலிருந்து எட்டு வயது வரைக்குள், எனாமலைக் கெடுத்துவிடும். அதனால் பல் முளைக்கும்போதே சுண்ணாம்புக் கோடு போட்டாற்போல வரும். பிறகு மஞ்சள், பிறகு காவி. விளக்கினால் போகாது. எலுமிச்சம்பழம், உப்பு, சாம்பல், செங்கல்பொடி என்று நான் எல்லாம் தேய்த்துப் பார்த்திருக்கிறேன். ஈறுதான் புண்ணானது. தண்ணீரைக் காய்ச்சிக் குடித்தால் சரியாகும் என்று அம்மா வெகு நாள் காய்ச்சினாள். காய்ச்சினால் கிருமி சாகும், புளோரைடு போகாது. தண்ணீர் சுண்டச் சுண்ட மிச்சத்தில் இன்னும் கூடத்தான் செய்யும். இதைப் பின்னாளில் அறிவியல் ஆசிரியை ஆன பிறகுதான் நான் சரியாகப் புரிந்துகொண்டேன்.

என் கல்யாண ஆல்பத்தில் ஒரு படத்தில்கூட நான் வாய் திறந்து சிரிக்கவில்லை. பெண் பார்க்க வந்த முதல் வரன், பல்லைப் பார்த்துவிட்டு, போய்ச் சொல்கிறோம் என்று போனவர்கள்தான். ஆசிரியர் பயிற்சிக்கு வெளியூர் போனபோது விடுதியில் ஒருத்தி, "நீ தருமபுரியா?" என்று கேட்டாள். எப்படித் தெரியும் என்றதற்குத் தன் பல்லைத் தொட்டுக் காட்டினாள். எங்கள் பக்கத்துப் பெண்கள் பேசும்போது முந்தானையால் வாயை மூடிக்கொள்வதைப் பார்த்து வெட்கம் என்று நினைக்கிறவர்கள் இருக்கிறார்கள். எனக்குத் தெரிந்த பாதிப் பேருக்கு அது வெட்கம் இல்லை, வேதனை.

பல்லாவது தெரியும். எலும்பு உள்ளேயே கெடும். மூட்டு வலி, முதுகு வலி என்று தொடங்கும். தைலம் தடவிக்கொண்டே காலம் போகும். பிறகு ஒரு நாள் குனிய முடியாது, கழுத்துத் திரும்பாது. தொட்டியின் இரும்பு ஏணியில் குரங்கு மாதிரி ஏறிய அப்பா, கடைசி இரண்டு வருடம் ஏணியடியில் நின்றுகொண்டு, பையன்களை ஏறச் சொல்லிக் கீழே இருந்து கத்திக்கொண்டிருந்தார்.

சுகாதாரத் துறையிலிருந்து பள்ளிக்கு வந்து பல்லைப் பார்த்துவிட்டுப் போகிறவர்கள், பால், ராகி, கீரை, நெல்லிக்காய் நிறையச் சாப்பிடச் சொல்வார்கள். சுண்ணாம்புச் சத்தும் வைட்டமின் சி சத்தும் உடம்பில் இருந்தால் புளோரைடின் பாதிப்பு கொஞ்சம் குறையும். நெல்லிக்காய் என்றதும் வகுப்பில் யாராவது ஒரு பிள்ளை, "அதியமான் குடுத்தது மிஸ்!" என்று கத்தும். தகடூர்ப் பிள்ளைகள் இல்லையா, ஔவைக்குக் கொடுத்த கனியை மறக்க மாட்டார்கள். அப்படிக் கத்துகிற பிள்ளையின் பல்லிலேயே காவி இருக்கும். எனக்குத் தொண்டை அடைத்துவிடும்.

நான் சொல்ல வந்த விஷயம் இதுதான். ஊருக்குப் புளோரைடு என்ற வார்த்தை தெரியவந்த பிறகு, அப்பா ஒருநாள் இரவு சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது அம்மாவிடம் சொன்னார்: "நான் வுட்ட தண்ணிதானே."

அவ்வளவுதான். வேறு எதுவும் சொல்லவில்லை. அதற்குச் சில வருடம் முன்பு யாரோ வந்து போர் தண்ணீரை பாட்டிலில் பிடித்துக்கொண்டு பரிசோதனைக்குப் போனார்கள். அப்பாதான் பிடித்துக் கொடுத்தார். முடிவு ஊருக்கு வரவே இல்லை. இரண்டு முறை போய்க் கேட்டுவிட்டும் வந்தார். கேட்டவருக்குப் பதில் சொல்லாதவர்கள் நிம்மதியாக இருந்திருப்பார்கள். திறந்துவிடச் சொன்ன தண்ணீரைத் திறந்துவிட்டவர்தான் முப்பது வருடப் பாரத்தைத் தலையில் ஏற்றிக்கொண்டார். அப்பா, அது உங்கள் தப்பு இல்லை. நேரில் பல தடவை சொல்லிவிட்டேன். இங்கேயும் எழுதி வைக்கிறேன்.

ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டத்துக்கு 2008இல் அடிக்கல் நாட்டினார்கள். ஜப்பான் நாட்டின் ஜைகா நிறுவனத்தின் கடனுதவியோடு, 1,928.80 கோடி ரூபாய்த் திட்டம். 2013இல் திறந்து வைத்தார்கள். காவிரித் தண்ணீரை ஒகேனக்கல்லில் எடுத்துச் சுத்திகரித்து, மேட்டில் ஏற்றி, பென்னாகரத்துக்குப் பக்கத்தில் மடத்தில் இருக்கிற பெரிய தொட்டியில் சேர்த்து, இரண்டு மாவட்டத்து ஊர்களுக்கும் குழாயில் அனுப்புகிறார்கள். எங்கள் ஊர்த் தொட்டிக்கு அந்தத் தண்ணீர் வந்த அன்றைக்கு அப்பா மோட்டார் ரூமுக்குப் பூசை போட்டார். கற்பூரம் கொளுத்தி, தேங்காய் உடைத்து, முதல் குடத்தைப் பள்ளத்துத் தெருவில் ஒரு பாட்டிக்குப் பிடித்துக் கொடுத்தார். அந்தப் பாட்டிக்கு நிமிர்ந்து நிற்க வராது.

அதற்குப் பிறகு பிறந்த பிள்ளைகள் இப்போது என் பள்ளியில் ஆறாம் வகுப்புக்கு வந்துவிட்டார்கள். வருகைப் பதிவு எடுக்கும்போது நான் ஒவ்வொரு பல்லாகப் பார்க்கிறேன். தொடர்ந்து ஆற்றுத் தண்ணீர் கிடைக்கிற ஊர்ப் பிள்ளைகளின் பல் முத்து மாதிரி இருக்கிறது. தண்ணீர் வராத நாளில் போர் தண்ணீரைக் கலந்து விடுகிற ஊர்ப் பிள்ளைகளிடம் இன்னும் கோடு தெரிகிறது. எந்த ஊரில் என்ன தண்ணீர் விடுகிறார்கள் என்பதை வகுப்பில் இருந்தபடியே சொல்லிவிடுவேன்.

சரி, பூங்காவுக்கு வருகிறேன்.

கதை கேட்ட மறுநாள் காலை, அப்பா எனக்கு முன்னால் கிளம்பி வாசலில் செருப்பைப் போட்டுக்கொண்டு நின்றார். பூங்காவுக்குள் நுழைந்ததும் நேராக மண்டபத்துக்குப் போனார். நான்கு பக்கமும் சுற்றி வந்தார். அப்புறம்தான் அப்படி இடுப்பில் கை வைத்து, சாய்ந்து நின்று மேலே பார்த்தார். வெகு நேரம் பார்த்தார். நான் அப்போதுதான் படம் எடுத்தேன்.

பக்கத்தில் போய் நின்றதும், "தண்ணி விட்டதுக்கு மண்டபம் கட்டியிருக்கான் பாரு பாப்பா" என்றார். அவர் குரலில் பொறாமையும் இல்லை, ஆதங்கமும் இல்லை. ஒரு வேலைக்காரர் இன்னொரு வேலையை மதிக்கிற குரல்.

எனக்கு அந்தக் கதையில் ஒரு கோபம் உண்டு. ஆயி என்ன தப்பு செய்தாள்? தன் வீட்டில் விளக்கேற்றி வைத்தாள். ராஜா தவறாக நினைத்துக்கொண்டதற்கு அவள் வீடு இடிபட வேண்டுமா? அதைச் சொன்னபோது அப்பா, "அவன் போயிட்டான், தண்ணி நின்னுச்சு" என்றார். ஆனாலும் எனக்கு மனம் ஆறவில்லை. அவள் வீடும் இருந்து குளமும் இருந்திருக்கலாம். தியாகம் செய்தால்தான் ஒரு பெண்ணின் பெயர் நிற்கும் என்கிற மாதிரிக் கதைகளை என் வகுப்புப் பெண்களுக்குச் சொல்ல எனக்குத் தயக்கமாக இருக்கிறது. இந்தக் கதையை மட்டும் சொல்கிறேன், ராஜாவின் தப்பையும் சேர்த்தே சொல்கிறேன்.

தங்கச்சி வீட்டுக்கு வந்த ஒரு அரசாங்கக் கடிதத்தில் முத்திரையைப் பார்த்தோம். புதுச்சேரி அரசின் சின்னமே ஆயி மண்டபம்தான். தமிழ்நாட்டுக்குக் கோயில் கோபுரம், இவர்களுக்குக் குடிதண்ணீர் மண்டபம். அப்பா அந்தக் கடித உறையைக் கேட்டு வாங்கி நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

பூங்காவுக்குப் பாரதியின் பெயர். 1908இலிருந்து 1918 வரை பாரதி புதுச்சேரியில் இருந்தார். அவருடைய தோழர் சுப்பிரமணிய சிவாவோ எங்கள் பாப்பாரப்பட்டிக்காரர் ஆனவர். வத்தலகுண்டில் பிறந்து, சிறையில் தொழுநோய் பிடித்து, ரயிலில் ஏறக்கூடாது என்று வெள்ளைக்காரன் தடுத்ததால் ஊர் ஊராக நடந்தே போனவர். பாரத மாதாவுக்குக் கோயில் கட்ட வேண்டும் என்று பாப்பாரப்பட்டியில் இடம் வாங்கினார். 1923இல் சித்தரஞ்சன் தாஸ் வந்து அடிக்கல் நாட்டினார். 1925 ஜூலை 23 அன்று சிவா அங்கேயே இறந்துபோனார். நாங்கள் சின்ன வயதில் அவர் நினைவிடத்தைத் தாண்டித்தான் பஸ்ஸுக்குப் போவோம். இதைப் பூங்கா பெஞ்சில் உட்கார்ந்து அப்பாவிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். "ரெண்டு பேருல ஒருத்தருக்கு இங்க நெழல், ஒருத்தருக்கு நம்மூரு வெயிலு" என்றார்.

கடைசி நாள் காலை பூங்காவில் ஒரு குழாய் ஒழுகிக்கொண்டிருந்தது. கீழே சின்னக் குட்டை கட்டி, அதில் காக்காய் குளித்துக்கொண்டிருந்தது. அப்பா போய்த் திருகைப் பிடித்து இறுக்கினார். நிற்கவில்லை. "வாஷர் போயிருச்சு" என்றார். பூங்காவில் கூட்டிப் பெருக்கிக்கொண்டிருந்த ஒரு அம்மாவைக் கூப்பிட்டுச் சொன்னார். அந்த அம்மா, "சொல்லியிருக்கோம்யா, வருவாங்க" என்றார். அப்பா துண்டின் ஓரத்தில் நூல் பிரித்து, திருகின் கழுத்தில் சுற்றி, மறுபடி இறுக்கினார். ஒழுகல் சொட்டாகக் குறைந்தது. காக்காய் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் பறந்துபோனது.

ஊருக்குக் கிளம்பும்போது இரண்டு கேனும் காலி. ஒன்றைத் தங்கச்சி வீட்டுக் குழாயில் நிரப்பிக்கொண்டார். முத்திரப்பாளையத்துத் தண்ணீரும் இதில் கலந்திருக்கும் என்று சம்பந்தியம்மா சொல்லியிருந்தார். "இந்தக் கூத்து எங்கயாவது உண்டா?" என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டாள். செஞ்சி தாண்டும்போது கோட்டையைக் காட்டினேன். அப்பா கேன் மூடியைத்தான் சரியாக இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தார்.

ராத்திரி எட்டரைக்கு ஊர் சேர்ந்தோம். வீட்டுக்குப் போகவில்லை. பஸ்ஸை விட்டு இறங்கி நேராக மோட்டார் ரூமுக்கு நடந்தார். இப்போது அங்கே ஆபரேட்டராக இருப்பவன் எங்கள் தெருப் பையன், முப்பது வயது இருக்கும். கரண்டுக்காகக் காத்துக்கொண்டு கட்டிலில் படுத்திருந்தவன் எழுந்து நின்றான். அப்பா ஸ்டார்ட்டர் பெட்டி மேல் இருந்த டம்ளரை எடுத்துத் துண்டால் துடைத்து, கேனைச் சாய்த்து ஊற்றினார்.

"குடி."

"என்னா தண்ணி பெரியப்பா?"

"குடிச்சிட்டுச் சொல்லு."

அவன் குடித்தான். நாக்கைச் சுழற்றிப் பார்த்தான்.

"கொஞ்சம் சப்புனு இருக்குது. நம்மளுது தேவல."

அப்பா அவன் பக்கத்தில் கட்டிலில் உட்கார்ந்துகொண்டு, சட்டைப்பையிலிருந்து அந்தக் கடித உறையை எடுத்துப் பிரித்தார்.